பச்சை என்றால் எர்த் இல்லை: ஸ்மார்ட் தெர்மோஸ்டாட் வயரிங் கோளாறைக் கண்டுபிடிக்க ஒரு முழுமையான வழிகாட்டி

கன்னியாகுமரி மாவட்டம், தக்கலைக்குப் பக்கத்தில் ஒரு வீடு. மகன் அமெரிக்காவிலிருந்து லீவுக்கு வந்தபோது பெட்டியில் ஒரு ஸ்மார்ட் தெர்மோஸ்டாட் (அறைச் சூட்டைப் பார்த்து ஏசியை இயக்கி நிறுத்தும், போனிலிருந்தும் இயக்கக்கூடிய சுவர்க் கருவி) கொண்டுவந்திருந்தார். ஃபால்ஸ் சீலிங்குக்கு மேல் டக்டபிள் ஏசி (குழாய் வழியாக அறைகளுக்குக் காற்று அனுப்பும் வகை), அதன் கன்ட்ரோல் போர்டு 24 வோல்ட் வகை. போர்டிலிருந்து ஹால் சுவர் வரை ஐந்து கம்பி உள்ள கேபிள்: சிவப்பு, நீலம், மஞ்சள், பச்சை, வெள்ளை. தெர்மோஸ்டாட் பக்கம் எல்லாவற்றையும் முனையில் உள்ள எழுத்தைப் பார்த்துச் சரியாகத்தான் மாட்டினேன். மேலே ஏறினதும் கை பழைய பழக்கத்துக்குப் போய்விட்டது. வருஷக்கணக்கில் வீட்டு வயரிங் செய்த கை. பச்சையைப் பார்த்தது, யோசிக்காமல் எர்த் போல்ட்டில் முறுக்கிவிட்டது.

திரை அழகாக எரிந்தது, வைஃபை எடுத்தது. 24 டிகிரிக்கு இறக்கியதும் அணைந்தது. போர்டில் பியூஸ் போயிருந்தது. மாற்றினேன், மறுபடி எரிந்தது, கூலிங் கேட்டதும் மறுபடி போயிற்று. கீழே நாற்காலியில் இருந்த பெரியவர் எண்ணிக்கொண்டே இருந்திருக்கிறார். "மக்கா, இது மூணாவது பியூஸாக்கும். சாதனம் கேடுன்னா திருப்பி அனுப்பிரலாம்."

சாதனத்தில் ஒரு கேடும் இல்லை. நம் ஊர் வயரிங்கில் பச்சை எர்த். தெர்மோஸ்டாட் கேபிளில் பச்சை ஃபேன். அந்த யூனிட்டில் 230ஐ 24 வோல்ட்டாகக் குறைக்கும் டிரான்ஸ்ஃபார்மரின் ஒரு முனை பாடியோடு, அதாவது எர்த்தோடு, சேர்ந்திருந்தது. கூலிங் கேட்கும்போது தெர்மோஸ்டாட் ஃபேனையும் சேர்த்தே இயக்கும். இயக்கிய நொடியில் 24 வோல்ட் நேராக பாடிக்குப் போய் ஷார்ட் ஆகிவிட்டது. சும்மா இருக்கும்போது பிரச்சினையே தெரியாது. அன்றிலிருந்து நிறத்தை நம்புவதில்லை. எழுத்தையும் மீட்டரையும்தான் நம்புகிறேன். கீழே சொல்வதெல்லாம் அந்த இரண்டை வைத்துத்தான்.

முதலில், உங்கள் ஏசி எந்த வகை?

பாதிக்கு மேல் பிரச்சினைகள் இங்கேயே முடிந்துவிடும். நம் மாவட்டத்து வீடுகளில் பெரும்பாலும் இருப்பது சுவரில் மாட்டும் ஸ்பிளிட் ஏசி. அதற்குத் தெர்மோஸ்டாட் வயரிங் என்று ஒன்று தனியாகக் கிடையாது. வெப்பம் அறியும் சென்சார் இன்டோர் யூனிட்டுக்குள்ளேயே இருக்கிறது. இன்டோருக்கும் அவுட்டோருக்கும் இடையே போகும் கம்பியைப் பார்த்து "இதில் தெர்மோஸ்டாட்டைக் கோக்கலாமா" என்று கேட்பவர்கள் உண்டு. கூடாது. இன்வெர்ட்டர் ஏசியில் அந்தக் கம்பிகளில் ஒன்று இரண்டு போர்டுகளும் பேசிக்கொள்ளும் சிக்னல் கம்பி. அதில் கை வைத்தால் போர்டு போகும், செலவு தெர்மோஸ்டாட் விலையைத் தாண்டும். ஸ்பிளிட் ஏசியைப் போனிலிருந்து இயக்க ஆசை என்றால் ரிமோட் போல அகச்சிவப்புக் கதிர் அனுப்பும் சின்னக் கருவி போதும். வயரிங்கே வேண்டாம்.

தெர்மோஸ்டாட் என்ற பேச்சு வருவது டக்டபிள் ஏசியில். அதிலும் சில மாடல்களின் சுவர் ரிமோட்டுக்கு இரண்டே மெல்லிய கம்பி போகும். அதுவும் சிக்னல்தான், அங்கே வேறு தெர்மோஸ்டாட் எதுவும் பொருந்தாது. மீதியில் இரண்டு வகை. ஒன்று 230 வோல்ட்டில் கன்ட்ரோல் ஓடுவது. இங்கே பழைய சாதாரண டக்டபிள்களில் நான் அதிகம் பார்ப்பது இதைத்தான். இன்னொன்று 24 வோல்ட்.

பெட்டியில் வந்த தெர்மோஸ்டாட்டுக்கும் இதே கேள்வி. என் அனுபவத்தில் அமெரிக்கப் பெட்டியில் வருவது 24 வோல்ட், கல்ஃப் பெட்டியில் வருவது பெரும்பாலும் 230 வோல்ட். அங்கே கட்டடங்களில் குளிர்ந்த நீர் ஓடும் ஃபேன் காயில் யூனிட்டுகள் அதிகம். அந்தத் தெர்மோஸ்டாட்டின் பின்னால் எல், என், மூன்று ஃபேன் வேகம், ஒரு வால்வு என்று முனைகள் இருக்கும். 24 வோல்ட் சாதனத்தில் ஆர், சி, ஒய், ஜி, டபிள்யூ என்று இருக்கும். 24 வோல்ட் சாதனத்தை 230இல் கொடுத்தால் அது ஒரு தடவைதான் எரியும்.

சுவரில் எந்த வோல்ட் வருகிறது என்று அறிய, நம் எல்லார் சட்டைப்பையிலும் இருக்கும் டெஸ்டர் ஸ்குரூ டிரைவர் ஓரளவு உதவும். பழைய தெர்மோஸ்டாட்டின் கம்பிகளில் ஒன்றில் டெஸ்டர் எரிந்தால் அது 230. மேற்கொண்டு நீங்கள் தொட வேண்டாம், லைசன்ஸ் உள்ள எலக்ட்ரீஷியனை அழையுங்கள். எரியாவிட்டால் மட்டும் 24 என்று முடிவு கட்டாதீர்கள். அந்த நியான் விளக்கு எரியவே பல பத்து வோல்ட் வேண்டும், 24 வோல்ட்டில் அது எரியாது. "டெஸ்டர் வச்சுப் பாத்தேன், கரண்டே வரல" என்று யாராவது சொன்னால் அவர் 24 வோல்ட் லைனில் வைத்துப் பார்த்திருக்கலாம், லைனே செத்தும் கிடக்கலாம். இந்த வேலைக்கு மல்டிமீட்டர் இல்லாமல் முடியாது.

கை வைக்கும் முன்

இன்டோர், அவுட்டோர் இரண்டின் எம்சிபியையும் (கரண்டை வெட்டும் ஸ்விட்ச்) இறக்குங்கள். நிறைய வீடுகளில் இரண்டும் தனித்தனி. கன்ட்ரோல் 24 வோல்ட்தானே என்று அலட்சியம் வேண்டாம். அதே பெட்டிக்குள் ஒரு சாண் தள்ளி 230 இருக்கிறது. அவுட்டோரின் கெப்பாசிட்டர் கரண்டை நிறுத்திய பிறகும் கொஞ்ச நேரம் சார்ஜ் வைத்திருக்கும். அவுட்டோர் மூடியைத் திறந்து செய்யும் வேலை எதையும் மெக்கானிக்கிடம் விடுவதே நல்லது. வீட்டுக்காரர் செய்யக்கூடியது தெர்மோஸ்டாட் பக்கமும், இன்டோர் போர்டில் 24 வோல்ட் முனைகளை அளப்பதும். மழையில் நனைந்த மொட்டைமாடியில் நின்றுகொண்டு எதையும் அளக்காதீர்கள்.

அப்புறம், கழற்றும் முன் போனில் படம். போர்டு பக்கம் ஒன்று, தெர்மோஸ்டாட் பக்கம் ஒன்று, எழுத்தும் கம்பியும் சேர்ந்து தெரிய வேண்டும். ஒரு தாளில் "ஒய் – மஞ்சள், ஜி – பச்சை" என்று எழுதிக்கொள்ளுங்கள். வழக்கப்படி ஆர் என்பது 24 வோல்ட் வரும் முனை, சி திரும்பிப் போகும் முனை, ஒய் கம்ப்ரஸரை இயக்கும் கான்டாக்டருக்கு (காயிலுக்குக் கரண்ட் வந்ததும் இழுத்துச் சேரும் பெரிய ஸ்விட்ச்), ஜி இன்டோர் ப்ளோயருக்கு (காற்று தள்ளும் ஃபேன்), டபிள்யூ ஹீட்டருக்கு. சிவப்பு, நீலம், மஞ்சள், பச்சை, வெள்ளை என்ற நிறங்கள் வெறும் பழக்கம்தான், சட்டமில்லை. இங்கே தெர்மோஸ்டாட் கேபிள் கிடைக்காமல் கையில் இருந்த மல்டிகோர் கேபிளைப் போட்டவர் கறுப்பை ஆரிலும் கொடுத்திருக்கலாம்.

திரையே எரியவில்லை

மேலிருந்து கீழே வாருங்கள். முதலில் இன்டோர் போர்டில் உள்ள பியூஸ். கார்களில் போடும் பிளேட் பியூஸ் மாதிரி சின்னது, பெரும்பாலும் 3 அல்லது 5 ஆம்பியர். போயிருந்தால் அதே அளவுதான் போட வேண்டும். 10 ஆம்பியர் போட்டால் ஏதோ ஓடுகிற மாதிரி இருக்கும், அப்புறம் டிரான்ஸ்ஃபார்மர் கருகும். வழக்கமான 40 விஏ (வோல்ட்-ஆம்பியர்) டிரான்ஸ்ஃபார்மர் தரக்கூடியதே 1.7 ஆம்பியருக்கும் கொஞ்சம் குறைவு.

பியூஸ் நன்றாக இருந்தால் மீட்டரை ஏசி (மாறுமின்னோட்டம்) வோல்ட்டில் வைத்து, போர்டில் ஆருக்கும் சிக்கும் இடையே அளந்து பாருங்கள். 24 முதல் 28 வோல்ட் வரை வந்தால் சரி. ஒன்றுமே இல்லை என்றால் டிரான்ஸ்ஃபார்மருக்கு உள்ளே போகும் 230 வருகிறதா என்று எலக்ட்ரீஷியனை வைத்துப் பாருங்கள். உள்ளே வந்து வெளியே வராவிட்டால் டிரான்ஸ்ஃபார்மர் போச்சு. ஏப்ரல், மே மாத இடிமழையிலும் ஐப்பசி மழையிலும் இப்படி நிறைய போகும். மாற்றும்போது ஒரு எச்சரிக்கை: அமெரிக்காவிலிருந்து வந்த டிரான்ஸ்ஃபார்மரின் மேல் 120 வோல்ட் என்று மட்டும் எழுதியிருந்தால் அது இங்கே ஆகாது. 230 அல்லது 240, கூடவே 50 ஹெர்ட்ஸ் என்று இருக்கிறதா பாருங்கள்.

போர்டில் 24 வருகிறது, தெர்மோஸ்டாட் அடித்தட்டில் வரவில்லை. அப்படியானால் இரண்டுக்கும் நடுவில். கேபிளைச் சந்தேகிப்பதற்கு முன் யூனிட்டுக்கு அடியில் தண்ணீர் வடியும் ட்ரெயின் தட்டைப் பாருங்கள். பல யூனிட்டுகளில் தட்டில் தண்ணீர் நிரம்பினால் கன்ட்ரோல் கரண்டை வெட்டும் ஃப்ளோட் ஸ்விட்ச் ஒன்றை ஆர் லைனிலோ ஒய் லைனிலோ கோத்திருப்பார்கள். இரண்டு பருவமழையும் வாங்கும் ஊர் இது, கடலும் பக்கத்தில். குலசேகரம், திற்பரப்பு பக்கம் காற்றில் எப்போதும் ஈரம். ஒரு நாளில் டக்டபிள் கக்கும் தண்ணீர் கொஞ்சமல்ல. பைப்பில் பாசி பிடித்து அடைத்தால் தட்டு நிரம்பும், ஸ்விட்ச் தூக்கும், தெர்மோஸ்டாட் செத்துவிட்டது என்று வீட்டுக்காரர் போன் செய்வார். பைப்பை ஊதிவிட்டால் உயிர் வந்துவிடும்.

திரை எரிகிறது, ஏசி வரவில்லை

முதலில் ஐந்து நிமிஷம் பொறுங்கள். கரண்ட் போய் வந்ததும் கம்ப்ரஸரைக் காப்பாற்ற தெர்மோஸ்டாட் சில நிமிஷம் காக்க வைக்கும். பல மாடல்களில் அது ஐந்து நிமிஷம். அதற்குள் கம்பியைப் பிடுங்கி வயரிங்கைக் கெடுத்த வீடுகளை நான் பார்த்திருக்கிறேன்.

அதற்கு மேலும் வராவிட்டால் தெர்மோஸ்டாட்டை நடுவிலிருந்து விலக்கிப் பார்க்கும் சோதனை ஒன்று உண்டு. இது 24 வோல்ட்டுக்கு மட்டும், மறுபடி சொல்கிறேன், 24 வோல்ட்டுக்கு மட்டும். எம்சிபியை இறக்கி, தெர்மோஸ்டாட்டை அடித்தட்டிலிருந்து எடுத்துவிட்டு, ஆர், ஒய், ஜி மூன்று கம்பிகளையும் ஒன்றாக முறுக்குங்கள். சி பக்கமே போகாதீர்கள். ஆரும் சியும் தொட்டால் பியூஸ் போகும். இப்போது எம்சிபியை ஏற்றுங்கள். ப்ளோயரும் அவுட்டோரும் ஓடினால் கேபிள், போர்டு, கான்டாக்டர் எல்லாம் சுத்தம். கோளாறு தெர்மோஸ்டாட்டில், இல்லையென்றால் அதன் செட்டிங்கில். ஓடாவிட்டால் தெர்மோஸ்டாட்டைக் குறை சொல்ல வேண்டாம். ஒரு சில நிமிஷம் பார்த்துவிட்டு நிறுத்திப் பிரியுங்கள், உடனே திரும்பப் போடாதீர்கள்.

ப்ளோயர் மட்டும் ஓடி அவுட்டோர் வராவிட்டால் ஒய் லைனைப் பார்க்க வேண்டும். மெக்கானிக் அவுட்டோரில் கான்டாக்டர் காயிலின் இரண்டு முனையிலும் அளப்பார். 24 வருகிறது, கான்டாக்டர் இழுக்கவில்லை என்றால் காயில் அறுந்திருக்கும், அல்லது நடுவில் ஏதோ சிக்கியிருக்கும். ஏதோ என்றால் எறும்பு. சில சமயம் பல்லி. ரப்பர் தோட்டத்துக்கு நடுவே இருக்கும் வீடுகளில் கான்டாக்டரைத் திறந்தால் கறுப்பாக ஒரு பிடி எறும்பு நசுங்கிக் கிடப்பது வழக்கம்தான். கரண்டை நிறுத்திக் காயிலைக் கழற்றி ஓம் பார்த்தால், நல்ல 24 வோல்ட் காயில் பத்து இருபது ஓம் அளவில் காட்டும். ஒன்றுமே காட்டாவிட்டால் அறுந்தது. பூஜ்யத்துக்குப் பக்கம் என்றால் உள்ளே ஷார்ட், பியூஸ் போவதற்கு அதுவே காரணம்.

காயிலுக்கு 24 வரவே இல்லை என்றால், ஒய் லைனில் ஃப்ளோட் ஸ்விட்ச் தூக்கியிருக்கவில்லை என்று பார்த்த பிறகு, கேபிள். முட்டம், குளச்சல், மண்டைக்காடு என்று கரையோரத்தில் இதுதான் முதல் சந்தேகம். உப்புக்காற்றில் செம்பு பச்சையாகப் பூத்து, ஸ்குரூவுக்கு அடியில் பொடியாகிவிடும். வெளியிலிருந்து பார்த்தால் கம்பி மாட்டியபடியே இருக்கும். ஒவ்வொரு கம்பியையும் லேசாக இழுத்துப் பாருங்கள். கையோடு வரும். கறுத்த முனையை வெட்டிவிட்டு, பளபளப்பான செம்பு வரும் வரை உரித்து, லக் (முனையில் அழுத்திப் போடும் உலோகத் தொப்பி) போட்டு மாட்டுங்கள். காப்புக்கு உள்ளே செம்பு எவ்வளவு தூரம் கறுத்திருக்கிறது என்பதையும் பாருங்கள். ஒரு அடிக்கு மேல் என்றால் வெட்டி மாட்டுவது வீண், கேபிளையே மாற்ற வேண்டும்.

கேபிளைச் சோதிக்க: கரண்டை நிறுத்தி, இரண்டு முனையிலும் எல்லாக் கம்பியையும் கழற்றுங்கள். போர்டு பக்கம் இரண்டு கம்பியை ஒன்றாக முறுக்கி, தெர்மோஸ்டாட் பக்கம் அந்த இரண்டுக்கும் இடையே ஓம் பாருங்கள். 0.75 சதுர மில்லிமீட்டர் கம்பி 20 மீட்டர் ஓடினால் போய் வர 40 மீட்டர், மல்டிமீட்டர் 1 ஓம்முக்குக் கிட்டக் காட்டும். ஐந்தோ பத்தோ காட்டினால் நடுவில் எங்கோ ஒரு ஜாயின்ட் பூத்திருக்கிறது. அப்புறம் முறுக்கைப் பிரித்துவிட்டு மறுபடி அளந்து பாருங்கள். இப்போது ஒன்றுமே காட்டக்கூடாது. சில ஆயிரம் ஓம் காட்டினால் கன்ட்யூட் பைப்பில் தண்ணீர் இறங்கிக் கேபிள் ஊறியிருக்கிறது. அது வெயிலில் சரியாகி மழையில் மீண்டும் கெடும். "மழை பெய்தா மட்டும் ஏசி தானா ஓடுது" என்கிற புகாருக்குப் பின்னால் பேயும் இல்லை, செயலியும் இல்லை.

சி கம்பி இல்லாத தொல்லை

எனக்கு வரும் அழைப்புகளில் அதிகம் இதுதான். பழைய தெர்மோஸ்டாட் வெறும் ஸ்விட்ச் மாதிரி, அதற்கு ஆரும் ஒய்யும் ஜியும் போதும். ஸ்மார்ட் தெர்மோஸ்டாட்டுக்குத் திரையும் வைஃபையும் உண்டு, அதற்குத் தொடர்ந்து கரண்ட் வேண்டும். சி இல்லாவிட்டால் சில மாடல்கள் ஒய் லைன் வழியாகத் திருட்டுத்தனமாகக் கொஞ்சம் கரண்ட் எடுத்து உள் பேட்டரியை ஏற்றிக்கொள்ளும். சில காலம் ஓடும். பிறகு வைஃபை விட்டு விட்டுப் போகும், பேட்டரி குறைவு என்று வரும், திரை நடு இரவில் அணையும். அவுட்டோரில் கான்டாக்டர் டகடகவென்று துடிக்கும். அந்தச் சத்தம் கேட்டால் உடனே நிறுத்துங்கள், துடிக்கும் கான்டாக்டர் கம்ப்ரஸரைத் தின்றுவிடும். வைஃபை போகிறதென்று ரூட்டரை மாற்றியவர்களும் இருக்கிறார்கள். (ரூட்டரில் பார்க்க வேண்டியது ஒன்றே: பல தெர்மோஸ்டாட்டுகள் 2.4 கிகாஹெர்ட்ஸில் மட்டுமே பேசும்.)

இதற்கு நம் ஊருக்கென்றே ஒரு சுலப வழி இருக்கிறது. நமக்கு ஹீட்டர் கிடையாது. நாகர்கோவிலில் மார்கழியில்கூட யாரும் வீட்டைச் சூடாக்குவதில்லை. ஐந்து கம்பிக் கேபிள் போட்டிருந்தால் டபிள்யூவுக்கென்று விட்ட வெள்ளைக் கம்பி இரண்டு பக்கமும் எதிலும் மாட்டாமல் சுருண்டு கிடக்கும். இரண்டு முனையும் சும்மா கிடக்கிறது என்று உறுதி செய்துகொண்டு, போர்டில் சி முனையிலும் தெர்மோஸ்டாட்டில் சி முனையிலும் அதை மாட்டுங்கள். இரண்டு பக்கமும் நீல டேப் சுற்றிவிடுங்கள், அடுத்து வருபவர் ஏமாறாமல் இருக்க.

நான்கு கம்பி என்றால் இன்னும் சுலபம். ஆர், சி, ஒய், ஜி, கூலிங்குக்கு அதுவே போதும். மூன்றுதான் இருக்கிறது என்றால் ஜி கம்பியை சியாக மாற்றிவிட்டு, போர்டு பக்கம் ஒய்யிலிருந்து ஜிக்கு ஒரு துண்டுக் கம்பி போடலாம். கம்ப்ரஸர் ஓடும்போது ப்ளோயரும் ஓடும், ஆனால் ஃபேனை மட்டும் தனியாக ஓட்ட முடியாது. எனக்கு இது அவ்வளவு பிடிக்காது. கன்ட்யூட் பைப் நன்றாக இருந்தால் பழைய கேபிளின் வாலில் புதியதைக் கட்டி இழுப்பதே மேல். இழுக்கும்போது ஒரு கம்பி கூடுதலாகப் போடுங்கள். அதே பைப்பில் 230 லைனை மட்டும் சேர்க்காதீர்கள்.

230 வோல்ட் கன்ட்ரோலில் 24 வோல்ட் தெர்மோஸ்டாட்

முடியும். தனி 24 வோல்ட் டிரான்ஸ்ஃபார்மர் ஒன்று, 24 வோல்ட் காயில் உள்ள ரிலே இரண்டு. தெர்மோஸ்டாட் ரிலேயை இயக்கும், ரிலே பழைய 230 வோல்ட் கான்டாக்டரை இயக்கும். மூடியுள்ள பெட்டியில், 24ஐயும் 230ஐயும் பிரித்து வைத்துக் கட்ட வேண்டும். இது வீட்டுக்காரர் வேலையல்ல. செலவைக் கேட்டுவிட்டு, 230 வோல்ட்டுக்கே செய்த வைஃபை தெர்மோஸ்டாட் வாங்குவது மலிவா என்றும் பாருங்கள். பெரும்பாலும் மலிவுதான்.

வயரிங் மாதிரித் தோன்றும், ஆனால் இல்லை

குளிர் கேட்டால் சூடு வருகிறதா? யூனிட் ஹீட் பம்ப் (குளிரும் சூடும் இரண்டும் தரும்) வகையாக இருக்கும், செட்டிங்கில் ஓ/பி என்ற தேர்வு மாறிக் கிடக்கும். ஓ என்றால் கூலிங்கில் குளிர்-சூடு மாற்றும் வால்வுக்குக் கரண்ட், பி என்றால் ஹீட்டிங்கில். மாற்றிப் பாருங்கள். யூனிட் கூலிங் மட்டும் என்றால் செட்டிங்கில் ஹீட் பம்ப் என்ற சொல்லே இருக்கக்கூடாது. ஆர் முனை ஆர்சி, ஆர்ஹெச் என்று இரண்டாக இருந்தால் கூலிங்குக்கு ஆர்சி.

அறை குளிர்ந்து நடுங்குகிறது, திரையில் 29 டிகிரி. தெர்மோஸ்டாட்டைக் கழற்றி, கேபிள் வரும் ஓட்டையில் விரலை வையுங்கள். மொட்டைமாடியிலிருந்து கன்ட்யூட் வழியாகச் சூடான காற்று சென்சார் மேல் ஊதிக்கொண்டிருக்கும். ஓட்டையைப் புட்டியால் அடைத்தால் போதும். மேற்குச் சுவரில் மாட்டியிருந்தால் புட்டியும் உதவாது, இடத்தை மாற்ற வேண்டும்.

மெக்கானிக்கைக் கூப்பிடும்போது

"ஏசி ஓடல" என்று மட்டும் சொல்லாதீர்கள். போர்டில் ஆர்–சி எவ்வளவு, தெர்மோஸ்டாட் தட்டில் எவ்வளவு, மூன்று கம்பி முறுக்கினபோது எது ஓடியது எது ஓடவில்லை, பியூஸ் எப்போது போகிறது, கரண்ட் கொடுத்ததுமா கூலிங் கேட்டதுமா. இந்த நான்கையும் போனில் சொன்னால் எந்தச் சாமானை எடுத்து வர வேண்டும் என்று மார்த்தாண்டத்தில் வண்டி எடுக்கும்போதே அவருக்குத் தெரிந்துவிடும். வேலை முடிந்ததும் எந்த எழுத்துக்கு எந்த நிறம் என்று யூனிட் மூடியின் உள்பக்கம் மார்க்கரால் எழுதச் சொல்லுங்கள், தேதியோடு. தக்கலை வீட்டில் நான் எழுதியதற்குக் கீழே பெரியவர் தன் கையால் ஒரு வரி சேர்த்திருக்கிறார்: பச்சை எர்த் அல்ல, மூணு பியூஸ் போச்சு.